பட்டியல் போட்டால் தீராத பதற்றம்

கல்யாணம் நெருங்கும் வீட்டில் தூக்கம் கெடுவது சகஜம் என்று எல்லோரும் ஒப்புக்கொள்கிறார்கள். அதற்கு எல்லோரிடமும் ஒரே மருந்துதான் இருக்கிறது. முன்கூட்டியே திட்டமிடு, நோட்டில் பட்டியல் போடு, செலவைத் தலைப்பு வாரியாகப் பிரி, வேலையைப் பங்கிட்டுக் கொடு, காலையில் கொஞ்சம் மூச்சுப் பயிற்சி செய், மற்றது தானாக நடக்கும். பெண்கள் பத்திரிகையும் தொலைக்காட்சியின் காலை நிகழ்ச்சியும் ஏற்கெனவே கல்யாணம் முடித்த நண்பர்களும் மாறாமல் சொல்வது இதைத்தான். சொல்கிறவர்கள் நல்ல எண்ணத்தோடுதான் சொல்கிறார்கள். ஆனால் அந்த அறிவுரைக்கு அடியில் ஒரு தீர்ப்பும் இருக்கிறது. பதறுகிறவருக்குத் திட்டமிடத் தெரியவில்லை, மனத்தைக் கட்டுப்படுத்தத் தெரியவில்லை, ஆகவே குறை அவருடையது என்பதே அந்தத் தீர்ப்பு. அது தவறு என்பது என் வாதம். குறைந்த சம்பளத்தில் தன் கல்யாணத்தைத் தானே நடத்திக்கொள்கிறவரின் பதற்றம் அவருடைய சுபாவத்தில் பிறப்பதில்லை. செலவு எவ்வளவு என்பதைச் சிலர் முடிவு செய்ய, அதை வேறொருவர் கட்டுகிறார் என்ற ஏற்பாட்டில் அது பிறக்கிறது. அந்த ஏற்பாட்டைத் தொடாத எந்த ஆலோசனையும் சுமையைக் குறைக்காது. சுமக்கிறவரைப் பார்த்து முதுகை நிமிர்த்தச் சொல்வதோடு அது நின்றுவிடும்.

ஆரம்பாக்கத்தை எடுத்துக்கொள்வோம். திருவள்ளூர் மாவட்டத்தின் வடகோடி அது. சென்னை–கொல்கத்தா நெடுஞ்சாலையில் அதைத் தாண்டினால் ஆந்திரத்தின் தடா வந்துவிடும். தெற்கே எளாவூர் சோதனைச் சாவடி, அதற்கும் தெற்கே கும்மிடிப்பூண்டி சிப்காட்; எல்லைக்கு அந்தப் பக்கம் ஸ்ரீசிட்டி; கிழக்கே பழவேற்காடு ஏரி. இங்கே கல்யாண வயதில் இருக்கிற ஆணும் பெண்ணும் இந்த இரண்டு தொழிற்பேட்டைகளில் ஒன்றில் ஷிப்ட் பார்ப்பது சாதாரணம். நிறையப் பேர் கம்பெனியின் நேரடி ஆட்கள் இல்லை, கான்ட்ராக்டரின் ஆட்கள். ஒரு நாள் போகாவிட்டால் ஒரு நாள் கூலி போகும். முந்தைய தலைமுறையில் கல்யாணச் செலவு அப்பாவின் கவலையாக இருந்தது. நிலத்தை விற்றோ வலையை அடகு வைத்தோ அவர் நடத்தினார். எத்தனை பேரைக் கூப்பிடுவது, எந்த மண்டபம் என்பதையும் அவரே முடிவு செய்தார். இன்று பெண்ணும் பையனும் சம்பாதிக்கிறார்கள், அதனால் செலவு அவர்கள் தலைக்கு வந்துவிட்டது. முடிவெடுக்கும் உரிமை மட்டும் இடம் மாறவில்லை. பெரியப்பா சொல்கிற ஆட்களைக் கூப்பிட வேண்டும், அத்தை சொல்கிற சீரை வைக்க வேண்டும், மாப்பிள்ளை வீட்டின் ரிசப்ஷனுக்கு மாப்பிள்ளை வீடு சொல்கிற மேடை வேண்டும். எல்லையோர ஊர் என்பதால் தமிழும் தெலுங்கும் பேசுகிற உறவுகள் ஒரே குடும்பத்தில் உண்டு. சூலூர்பேட்டையிலிருந்தும் சத்தியவேட்டிலிருந்தும் வேன் பிடித்து வருகிறவர்களுக்கு அவர்கள் வழக்கமும் குறையக் கூடாது, இந்தப் பக்கத்தாருக்கு இவர்கள் வழக்கமும் குறையக் கூடாது. சடங்கு ஒன்று கூடினால் அதற்கொரு புடவை, ஒரு தட்டு வரிசை, ஒரு வேளைச் சாப்பாடு கூடும்.

அந்தச் செலவு எப்படி வந்து விழுகிறது என்பதைக் கிட்டத்தில் பார்க்க வேண்டும். இந்தப் பகுதியில் கல்யாணம் என்றால் முந்தின நாள் மாலை ரிசப்ஷன், மறுநாள் காலை முகூர்த்தம். மண்டபத்தை ஒரு மதியத்திலிருந்து மறு மதியம்வரை பிடிக்க வேண்டும். இரவுச் சாப்பாடு, காலை டிபன், மதியச் சாப்பாடு என்று மூன்று வேளைப் பந்தி. கூட்டம் ரிசப்ஷன் இரவில்தான், செலவும் அங்கேதான். ஆடியும் மார்கழியும் ஒதுங்கிவிடுவதால் தை, வைகாசி, ஆவணியின் வளர்பிறை முகூர்த்தங்களுக்கு எல்லோரும் ஒரே நேரத்தில் மோதுகிறார்கள். மண்டப வாடகையில் பேரத்துக்கு இடம் இருப்பதில்லை, கொடுத்த அட்வான்ஸ் திரும்புவதும் இல்லை. பிறகு பாரிமுனை ஆண்டர்சன் தெருவில் பத்திரிகை, வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் ஜவுளி, சமையல்காரர் எழுதிக் கொடுக்கிற மளிகை லிஸ்ட், பூ, மேடை அலங்காரம், மேக்கப், போட்டோ–வீடியோ, மேளம், வேன். பெரும்பாலும் ஒவ்வொருவருக்கும் முன்பணம் ஒரு முறை, முந்தின வாரம் ஒரு முறை, மண்டபத்தை விட்டுக் கிளம்புமுன் மிச்சம். சம்பளமோ மாதத்துக்கு ஒரு முறை. இந்த இரண்டு காலண்டர்களும் பொருந்தாத நாட்களில்தான் கடன் உள்ளே வருகிறது. விளக்கத்துக்காக ஒரு கணக்கு: இலைக்கு 250 ரூபாய் என்று வைத்தால் 600 இலைக்கு ஒன்றரை லட்சம். சொந்தக்காரர் ஒருவர் பேச்சுவாக்கில் இன்னும் ஒரு நூறு பேரைச் சேர்க்கச் சொன்னால் 25 ஆயிரம். மாதம் 18 ஆயிரம் வாங்குகிறவருக்கு அந்த ஒரு வாக்கியம் ஒரு மாதத்துக்கும் அதிகமான உழைப்பு. கை கொள்ளாமல் 2 லட்சத்தை நூற்றுக்கு மூன்று வட்டிக்கு வாங்கினால் மாதம் 6 ஆயிரம் வட்டி மட்டும் போகும், அசல் அசையாமல் நிற்கும். சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்கு ஒரு வருடத்துக்குப் போன பிறகும் அதே 2 லட்சம் பாக்கி இருக்கும். இந்த நிலையில் ராத்திரி தூக்கம் வராதவருடைய மனத்தில் எந்தக் கோளாறும் இல்லை. அவர் கணக்கைச் சரியாகப் புரிந்துகொண்டிருக்கிறார்.

நன்றாகத் திட்டமிட்டால் பதற்றம் குறையும் என்கிறவர்கள் காரண காரியத்தைத் தலைகீழாகப் பிடித்திருக்கிறார்கள் என்பதற்குத் தமிழ்நாட்டிலேயே ஆதாரம் உண்டு. ஆனந்தி மணி, செந்தில் முல்லைநாதன், எல்டர் ஷாஃபிர், ஜியாயிங் ஜாவோ ஆகிய நால்வர் 2013ஆம் ஆண்டு ‘சயின்ஸ்’ ஆய்விதழில் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். அதன் ஒரு பகுதி விழுப்புரம், திருவண்ணாமலை மாவட்டங்களின் 464 கரும்பு விவசாயிகளிடம் நடந்தது. கரும்புக்காரருக்குப் பணம் வருடத்துக்கு ஒரு முறை, அறுவடைக்குப் பிறகு வரும். அதற்கு முந்தைய மாதங்களில் கடனும் அடகும் கூடியிருக்கும். அதே ஆட்களுக்கு அறுவடைக்கு முன் ஒரு முறையும் பின் ஒரு முறையும் சிந்தனைத் திறன் சோதனைகள் வைத்தார்கள். பணமுடையில் இருந்தபோது அவர்கள் சோதனையில் பின்தங்கினார்கள், கையில் காசு வந்த பிறகு அவர்களே நன்றாகச் செய்தார்கள். நடுவில் அவர்கள் புதிதாக எந்தப் பயிற்சியும் பெறவில்லை. பணக்கவலையே மூளையின் ஒரு பகுதியை எடுத்துக்கொண்டது என்பது ஆய்வாளர்களின் முடிவு. அந்த முடிவு எவ்வளவு தூரம் செல்லும் என்று பிறகு வாதங்கள் எழுந்தன, எழட்டும். அதே ஆள், அதே புத்தி, கையில் காசு இல்லாத காலத்தில் தடுமாறுகிறது என்பதை மாதக் கடைசியைத் தாண்டிய எவரும் மறுக்க மாட்டார். கல்யாணத்துக்கு நிற்கும் தொழிலாளியின் நிலையும் அதுதான். வட்டியும் அட்வான்ஸும் நெருக்கும் மாதங்களில் அவர் பத்திரிகையில் தேதியைத் தவறாக அடித்துவிடுகிறார், ஒரே பொருளுக்கு இரண்டு இடத்தில் முன்பணம் கொடுத்துவிடுகிறார், அவசரத்தில் கைக்குக் கிடைத்த வட்டிக்குக் கையெழுத்துப் போடுகிறார். திட்டமிடாததால் வந்த நெருக்கடி என்று வெளியிலிருந்து பார்க்கிறவர் சொல்வார். நெருக்கடி வந்ததால் திட்டமிட முடியவில்லை என்பதே உண்மை.

கல்யாண பட்ஜெட் என்று புழக்கத்தில் இருக்கிற பட்டியலையே ஒரு முறை உற்றுப் பார்க்கலாம். மண்டபத்துக்கு இவ்வளவு, சாப்பாட்டுக்கு இவ்வளவு, நகைக்கு, துணிக்கு, போட்டோவுக்கு என்று அது தலைப்புகளிலிருந்து தொடங்குகிறது. தலைப்பு வந்துவிட்டாலே அந்தச் செலவு தேவைதானா என்ற கேள்வி போய்விடுகிறது. எவ்வளவு ஒதுக்குவது என்பது மட்டும் மிஞ்சுகிறது. கையிருப்பிலிருந்து தொடங்கி, அது தீர்ந்த இடத்தில் கோடு போட்டு நிறுத்துகிற பட்டியலைப் போடுகிறவர்கள் மிகக் குறைவு. கடன் கொடுப்பவருக்குக்கூட வரம்பு உண்டு. நுண்கடனில் ஒரு குடும்பம் கட்டும் மாதத் தவணைகள் எல்லாம் சேர்ந்து அதன் மாத வருமானத்தில் பாதியைத் தாண்டக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2022இல் விதி வகுத்தது. தமிழ்நாட்டில் கந்துவட்டித் தடைச் சட்டம் 2003 முதல் இருக்கிறது. கடன் வசூலில் நடக்கும் மிரட்டலைத் தடுக்க 2025இல் இன்னொரு சட்டமும் வந்தது. கடனின் இந்த முனையில் அரசு கதவை அடைக்கப் பார்க்கிறது. எதற்காகக் கடன் வாங்கப்படுகிறதோ அந்தச் செலவுக்கு மட்டும் ஒரு உச்சவரம்பும் இல்லை, அதைக் கேட்பதே அபசகுனம் என்று வைத்திருக்கிறோம்.

இதைத் தனிமனிதரின் மன வலிமை சார்ந்த விஷயமாகச் சுருக்குவது எவ்வளவு தவறு என்பதற்கு மேற்கு மாவட்டங்களின் பஞ்சாலைகளில் நடந்த சுமங்கலித் திட்டம் சாட்சி. மூன்று வருடம் ஆலை விடுதியில் தங்கி வேலை செய்தால் முடிவில் மொத்தமாக ஒரு தொகை, அதை வைத்துக் கல்யாணத்தை முடித்துக்கொள்ளலாம் என்று ஏழை வீட்டுப் பெண்களைச் சேர்த்தார்கள். இடையில் உடம்பு முடியாமல் கிளம்பியவருக்கு அந்தத் தொகை கிடைக்காமல் போனது உண்டு. கல்யாணச் செலவு என்ற பயம் ஒரு தொழிலுக்கே மலிவான ஆளைப் பிடித்துக் கொடுத்தது. அரசின் பக்கம் இதே கதை வேறு திசையில் போனது. மூவலூர் ராமாமிர்தம் அம்மையார் பெயரில் 1989இல் திருமண நிதியுதவித் திட்டம் வந்தது. பிற்காலத்தில் படித்த பெண்ணுக்கு ரொக்கமும் தாலிக்குத் தங்கமும் சேர்ந்தன. 2022இல் அது புதுமைப்பெண் திட்டமாக மாறியது. அரசுப் பள்ளியில் படித்துவிட்டு உயர்கல்விக்குப் போகிற பெண்ணுக்கு மாதம் ஆயிரம் ரூபாய். கல்யாண மேடையில் ஒரே நாளில் கொடுத்த பணத்தைப் படிப்புக்கு மாதாமாதம் கொடுப்பது மேல் என்று முப்பத்து மூன்று வருட அனுபவத்துக்குப் பிறகு மாநிலமே முடிவெடுத்தது. பலர் அன்று குறைப்பட்டுக்கொண்டார்கள். எனக்கு அது சமீப காலத்தில் எடுத்த மிகச் சரியான முடிவுகளில் ஒன்றாகப் படுகிறது. தொழிலாளர் வருங்கால வைப்பு நிதியிலோ காற்று எதிர்ப்பக்கம் அடிக்கிறது. பழைய விதிப்படி ஏழு வருடம் உறுப்பினராக இருந்தவர் தம் பங்கில் பாதிவரை கல்யாணத்துக்கு எடுக்கலாம். 2025 அக்டோபரில் மத்திய அறங்காவலர் வாரியம் பணத்தை எடுப்பதற்கான பணிக்காலத்தை 12 மாதமாகக் குறைக்க முடிவு செய்தது. அவசரத்துக்கு உதவும் என்பது உண்மை. முதுமைக்கென்று இருக்கும் ஒரே சேமிப்பும் ஒரு ரிசப்ஷன் இரவில் கரைய வழி திறக்கிறது என்பதும் உண்மை.

வாழ்க்கையில் ஒரு முறைதானே, அதில் போய்க் கணக்குப் பார்ப்பதா என்று கேட்பார்கள். இந்தக் கேள்வியைப் புண்படுத்தும் நோக்கம் இல்லாதவர்களே கேட்கிறார்கள், ஆகவே மரியாதையாகப் பதில் சொல்ல வேண்டும். ஒரு முறை நடப்பது கல்யாணம். கடன் ஒவ்வொரு மாதமும் நடக்கும். அதோடு, கூட்டமும் பந்தியும் குறைந்தால் கல்யாணமே குறைந்துவிடும் என்பது உண்மையா என்று சோதித்துப் பார்க்க நமக்கு ஒரு காலம் வாய்த்தது. 2020இல் கொரோனா ஊரடங்கின்போது கல்யாணத்துக்கு 50 பேருக்கு மேல் கூடக் கூடாது என்று அரசு தடுத்தது. அந்த மாதங்களில் தமிழ்நாட்டில் எத்தனையோ கல்யாணங்கள் வீட்டு வாசலிலும் கோயில் மண்டபத்திலும் நெருங்கிய சொந்தத்தோடு முடிந்தன. கூப்பிடாத யாரும் பகை பாராட்டவில்லை. அந்தத் தம்பதிகளை யாரும் அரைக் கல்யாணம் செய்துகொண்டவர்கள் என்று சொல்வதில்லை. நோயைக் காரணம் காட்டி 50 பேரோடு நிறுத்தியதை மன்னித்த ஊர், சம்பளத்தைக் காரணம் காட்டி 150 பேரோடு நிறுத்தினால் மன்னிக்காது என்பது வெறும் ஊகம். ஊர் என்ன சொல்லும் என்ற பயத்தில் பாதி, ஊர் இன்னும் சொல்லாத வார்த்தைகளைப் பற்றியது.

செலவு மொய்யில் திரும்பிவிடும் என்பது அடுத்த வாதம், கணக்குத் தெரிந்தவர்கள்கூட இதைச் சொல்கிறார்கள். மொய் வருமானம் இல்லை, கடன். நோட்டில் பெயரும் தொகையும் எழுதி வைப்பதே திருப்பிச் செய்வதற்காகத்தான். இன்று ஐந்நூறு வைத்தவர் வீட்டில் நாளை விசேஷம் வந்தால் ஐந்நூறுக்குக் குறையாமல் வைக்க வேண்டும், கூட்டி வைப்பதே மரியாதை. ஆகவே 600 பேரிடம் மொய் வாங்குகிற தம்பதி 600 சின்னக் கடன்களோடு குடித்தனம் தொடங்குகிறது. வட்டிக் கடனைப் போலவே அதுவும் சொல்லாமல் வந்து நிற்கும், மாதச் சம்பளத்தில் ஒரு பிடி எடுத்துக்கொண்டு போகும். மொய்யை இழிவாகப் பேசுவது என் நோக்கம் இல்லை. கையில் ரொக்கம் புழங்காத சமூகம் தனக்குள் முதலைத் திரட்டிக்கொண்ட அருமையான வழி அது. பேராவூரணி, புதுக்கோட்டைப் பக்கத்து மொய் விருந்துகளில் அது நேரடியாக அந்த வேலையைத்தான் செய்கிறது. ஆனால் முதலாக வருகிற பணத்தைப் பந்திக்கும் மேடை விளக்குக்கும் கொடுத்துவிட்டு, அது திரும்பி வந்துவிட்டது என்று சமாதானம் சொல்லிக்கொள்ள முடியாது.

நகை விஷயம் இவ்வளவு எளிதில் தீராது. பெண்ணுக்குப் போடுகிற நகை செலவே இல்லை, சேமிப்பு; அதிலும் பெண் கைக்கு வருகிற ஒரே சொத்து என்பார்கள். இதில் பாதி நியாயம் உண்டு, சரித்திரமும் உண்டு. மகளுக்குக் குடும்பச் சொத்தில் பங்கு இல்லாத காலத்தில் கழுத்தில் கிடந்த பொன்தான் அவள் பங்கு. ஆனால் தமிழ்நாட்டில் 1989இலும் நாடு முழுமைக்கும் 2005இலும் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்குச் சம உரிமை சட்டமாகிவிட்டது. நகையைப் போட்டு அனுப்பிவிட்டோம், கணக்குத் தீர்ந்தது என்று சொல்லி அந்த உரிமையை விட்டுக்கொடுக்கக் கையெழுத்து வாங்குகிற வீடுகள் இன்னும் இருக்கின்றன. சில சவரனால் பெண் ஒரு மனைப் பங்கை இழக்கிறாள். 2020 தொடக்கத்தில் 30 ஆயிரம் ரூபாயை ஒட்டி இருந்த சவரன் 2025இல் 90 ஆயிரத்தைத் தாண்டியது. விலை ஏறியதால் நகை நல்ல முதலீடு என்று வாதிடலாம். ஏற்கெனவே வாங்கி வைத்தவருக்கு அது சரி. கடன் வாங்கி இன்று வாங்குகிறவருக்கு அது முதலீடு ஆகாது. கல்யாணத்துக்கு வாங்கிய கடனை அடைக்கக் கல்யாண நகையே அடகுக் கடைக்குப் போவது ஊரறிந்த கதை. செய்கூலி, சேதாரம், ஜிஎஸ்டி போக மிஞ்சிய மதிப்பில் ஒரு பகுதிதான் அடகில் பணமாகக் கிடைக்கும், அதற்கும் வட்டி ஓடும். இந்த வழியாகப் போய் வந்த பொன் பெண்ணின் சேமிப்பாக இருந்தது சில வாரங்கள் மட்டுமே. பெண்ணிடம் சொத்து இருக்க வேண்டும் என்பதில் உண்மையான அக்கறை இருந்தால், அவள் பெயரில் சிறுகச் சிறுகச் சேர்வதையும் அவள் பங்கு பத்திரத்தில் ஏறுவதையும் பார்க்க வேண்டும். சீர்வரிசை என்ற பெயரில் கேட்டு வாங்குவதைப் பற்றி இங்கே அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 1961 முதல் அது குற்றம்.

என் வாதத்துக்கு எதிராக எழக்கூடிய மிக வலுவான ஆட்சேபம் இவை எதுவும் இல்லை. கல்யாணம் இரண்டு பேர் சமாச்சாரம் இல்லை, நாளைக்கு ஒரு கஷ்டம் வந்தால் ஓடி வரப்போகிறவர்களை இன்றைக்குக் கூட்டி உட்கார வைப்பதுதான் கல்யாணம் என்பது அந்த ஆட்சேபம். ஷிப்ட் வேலைக்காரர் வாழ்க்கையில் இது சாதாரண விஷயம் இல்லை. குழந்தையைப் பார்த்துக்கொள்ள, ஆஸ்பத்திரியில் துணைக்கு இருக்க, வேலை போன மாதத்தில் அரிசி கொடுக்கச் சொந்தம்தான் வரும். இதை முழுக்க ஏற்கிறேன். ஆனால் ஆட்கள் வேண்டும் என்பதும் பணம் கொட்ட வேண்டும் என்பதும் ஒன்றல்ல. அமெரிக்காவின் எமரி பல்கலைக்கழகப் பொருளியலாளர்கள் ஆண்ட்ரூ பிரான்சிஸும் ஹியூகோ மியாலனும் 2014இல் வெளியிட்ட ஆய்வு இந்த இரண்டையும் பிரித்துப் பார்த்தது. கல்யாணம் செய்துகொண்ட மூவாயிரத்துக்கும் மேற்பட்டவர்களைக் கேட்டார்கள். அதிகம் செலவழித்தவர்களின் மணவாழ்க்கை முறிவது கூடுதலாகவும், நிறையப் பேர் வந்த கல்யாணங்கள் நிலைப்பது கூடுதலாகவும் இருந்தது. குறைவாகச் செலவழித்தவர்களுக்குக் கல்யாணக் கடனைப் பற்றிய மன உளைச்சலும் குறைவு. ஒன்று மற்றதற்குக் காரணம் என்று இந்த ஆய்வு நிரூபிக்கவில்லை; அவர்கள் சமூகம் வேறு, நம் சமூகம் வேறு. ஆனாலும் ஆட்கள் ஒரு பக்கமும் செலவு இன்னொரு பக்கமும் இழுக்கின்றன என்ற அந்தக் கண்டுபிடிப்பு நம் ஊருக்கும் யோசிக்கத் தக்கது. காலை முகூர்த்தத்துக்குச் சொந்தமெல்லாம் வந்து, ஒரு வேளை டிபன் சாப்பிட்டு, வாழ்த்திவிட்டுப் போகலாம். அதில் யாரும் விலக்கப்படவில்லை. முந்தின நாள் ரிசப்ஷனை எடுத்துவிட்டால் போவது மண்டபத்தின் ஒரு இரவு, மூன்றில் மிகப் பெரிய பந்தி, மேடை அலங்காரம், லைட் மியூசிக், இரண்டாவது செட் துணி, இரண்டாவது மேக்கப். வருகிற மனிதர்கள் அப்படியே இருப்பார்கள்.

சட்டம் இதற்கு எப்போதோ வழி விட்டிருக்கிறது. அண்ணா ஆட்சியில் 1967இல் நிறைவேறிய திருத்தம் இந்து திருமணச் சட்டத்தில் 7ஏ என்ற பிரிவைச் சேர்த்தது. உறவினர், நண்பர் அல்லது வேறு ஆட்கள் முன்னிலையில் மாலையோ மோதிரமோ மாற்றினாலும் தாலி கட்டினாலும் கல்யாணம் செல்லும், புரோகிதர் வேண்டியதில்லை. அதற்கு ஊரறிய விழா எடுக்க வேண்டிய கட்டாயமும் இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2023 ஆகஸ்டில் இளவரசன் வழக்கில் தெளிவுபடுத்தியது. சடங்கு வேண்டும் என்கிறவர்களுக்குக் கோயில் இருக்கிறது. கல்யாணம் கூடிவர வேண்டிச் செவ்வாய்க்கிழமைகளில் சிறுவாபுரி முருகன் கோயிலுக்கு இந்த வட்டாரமே போகிறது. கோயிலில் தாலி கட்டுவதைக் குறைவென்று நினைக்கும் மரபு நம்மிடம் எப்போதும் இருந்ததில்லை. 2022 முதல் இந்து சமய அறநிலையத் துறை வசதி குறைந்த இணைகளுக்குப் பொன் தாலியோடு கோயில்களில் கட்டணமில்லாமல் கல்யாணம் நடத்தி வைக்கிறது. பதிவு செய்வதை மட்டும் தள்ளிப்போடக் கூடாது, 2009ஆம் ஆண்டுச் சட்டப்படி அது கட்டாயம். மற்றபடி செய்ய வேண்டியது ஒன்றுதான். தேதி குறிக்கும் முன், மண்டபத்துக்கு அட்வான்ஸ் கொடுக்கும் முன், பணம் கட்டப்போகிற இரண்டு பேரும் உட்கார்ந்து வட்டியில்லாமல் எவ்வளவு முடியும் என்று ஒரு தொகையை எழுத வேண்டும். அந்தத் தொகைக்கு எத்தனை இலை என்று வகுக்க வேண்டும். வருகிற எண்ணை நிச்சயத் தாம்பூலத்தன்று இரு வீட்டுப் பெரியவர்கள் முன்னால் சொல்ல வேண்டும். அதற்குப் பிறகு ஒருவரைச் சேர்க்கச் சொல்கிறவர் அந்த இலைக்குப் பணம் கொடுக்க வேண்டும். முன்னே சொன்ன அறிவுரையின் பட்டியலும் நோட்டும் இந்தக் கோடு போட்ட பிறகு உண்மையிலேயே உதவும்.

சொல்வது எளிது, நிச்சயத்தன்று ஒரு பெண் எண்ணிக்கையைப் பேசினால் வாயாடி என்பார்கள், சம்பந்தமே முறிந்தாலும் முறியும் என்று பதில் வரும். வரலாம். ஆகவேதான் இதை அந்தப் பெண்ணின் தைரியத்துக்கு விட்டுவிடக் கூடாது என்கிறேன். அவள் அண்ணன் பேசலாம், தாய்மாமன் பேசலாம், அதைவிட மாப்பிள்ளையே பேசலாம். அவர் பேசினால் யாரும் வாயாடி என்று சொல்லப்போவதில்லை. ஊராட்சி தன் சமுதாயக் கூடத்தைப் பழுதுபார்த்து முகூர்த்த நாளில் நியாய வாடகைக்கு விடலாம். ஊரில் ஒரு கூடம் ஒழுங்காக இருந்தால் பெரிய மண்டபம் பிடிக்காததற்கு யாரும் காரணம் சொல்ல வேண்டியிருக்காது. தொழிற்பேட்டை நிர்வாகங்களுக்கும் இதில் வேலை இருக்கிறது. தொழிலாளியின் மன அழுத்தத்தைக் குறைக்க வேண்டும் என்று மனிதவளப் பிரிவு நினைத்தால், தியான வகுப்புக்குச் செலவிடுகிற பணத்தில் கான்ட்ராக்ட் ஆளுக்கும் கல்யாணத்துக்கு ஒரு வாரம் சம்பளத்தோடு விடுப்பு கொடுக்கட்டும். பதினைந்து, இருபது மாதத் தவணையில் வட்டியில்லாச் சம்பள முன்பணம் தரட்டும், அதற்கும் ஒரு உச்சவரம்பு வைக்கட்டும். நூற்றுக்கு மூன்று வட்டிக்காரரிடம் போக வேண்டிய மாதத்தில் அந்தப் பணம் கைக்கு வந்தால், மேலே போட்ட கணக்கில் மாதம் 6 ஆயிரம் வட்டி என்ற வரியே இருக்காது.